மூன்றாவது குச்சி

மூன்று குச்சி. எண்ணிப் பார்த்தால் மூன்றுதான், நேற்றும் மூன்று, போன மாதமும் மூன்று, இந்தப் பஸ் ஜன்னலில்கூட மூன்று கம்பிதான் இருக்கிறது, அதில் ஒன்று துருப்பிடித்து மற்ற இரண்டையும்விட மெலிந்து போயிருக்கிறது, அதைப் பார்க்கக்கூடாது என்று முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன். பத்தே கால் ஆகிறது. பஸ் ஸ்டாண்டை விட்டு இன்னும் கிளம்பவில்லை. டிரைவர் கீழே நின்று டீ குடிக்கிறார், இன்ஜின் மட்டும் ஓடுகிறது, சீட்டு நடுங்குகிறது, மடியில் லேப்டாப் நடுங்குகிறது, அதற்குள் என் நாற்பத்திரண்டு ஸ்லைடுகளும் நடுங்கிக்கொண்டிருக்க வேண்டும். பதினொன்றரைக்குக் கருத்தரங்கு. ஆய்வேட்டைச் சமர்ப்பிப்பதற்கு முன்னால் துறை முழுவதும் உட்கார்ந்து நம்மைக் கிழிப்பதற்கென்றே பல்கலைக்கழகம் வைத்திருக்கும் சடங்கு. கிழிக்கட்டும், எனக்குப் பயமில்லை, வாதாட எனக்கு எப்போது பயம் இருந்திருக்கிறது, அம்மாவே சொல்வாள், யுவராணிக்கு வாய்தான் முதலில் பிறந்தது, மீதி உடம்பு அப்புறம் சாவகாசமாக வந்தது என்று. பயம் வேறு இடத்தில் இருக்கிறது. பயம் போனுக்குள் இருக்கிறது. காலை ஆறு நாற்பதுக்குக் கண்ணில் பட்ட ஒரு மெயில், பிரான்சின் வடக்கே ஒரு சின்ன ஊர் நூலகத்திலிருந்து, பதினோரு வாரம் கழித்து, மன்னிக்கவும், தாங்கள் கேட்ட பக்கத்தின் பின்புறப் படம் இணைப்பில் உள்ளது. இணைப்பை நான் திறக்கவில்லை. பல் தேய்க்கும்போது திறக்கவில்லை, இட்லி சாப்பிடும்போது திறக்கவில்லை, இப்போதும் திறக்க மாட்டேன். கருத்தரங்கு முடிந்து திறந்தால் என்ன. யார் கேட்கப்போகிறார்கள். மெயில் வந்தது எனக்கும் அந்த நூலகருக்கும் மட்டும்தானே தெரியும், அவர் இந்நேரம் அங்கே போர்த்திக்கொண்டு தூங்கிக்கொண்டிருப்பார், எண்ணூறு வருஷத் தோலேடு ஒன்றைத் திருப்பிப் போட்டுப் படம் எடுத்ததில் என்னுடைய மூன்று வருஷம் கவிழ்ந்துவிடலாம் என்று அந்த மனிதருக்குக் கனவிலும் தெரியாது.

பஸ் நகர்ந்துவிட்டது. முத்தியால்பேட்டை மார்க்கெட் வாசலில் ஏறிய ஒரு அக்கா இரண்டு புது பிளாஸ்டிக் குடங்களோடு என் பக்கத்தில் வந்து விழுந்தாள், ஒன்று நீலம், ஒன்று பச்சை, இரண்டையும் வைத்துக்கொண்டு உட்கார முடியவில்லை, "கொஞ்சம் புடிம்மா" என்று நீலக் குடத்தை என் லேப்டாப்பின் மேல் வைத்துவிட்டாள். வேண்டாம் என்று சொல்ல வாயெடுப்பதற்குள் குடம் மடியில் இருந்தது. புதுக் குடத்துக்கு ஒரு வாசனை உண்டு, இன்னும் தண்ணீரே பார்க்காத வாசனை. "பிள்ளைச்சாவடிதான் எறங்கணும். நாலு நாளா தண்ணி லாரி வரல. இருக்கற கொடமெல்லாம் ஓட்ட. நீ எங்க?" "யுனிவர்சிட்டி." "டீச்சரா?" "படிக்கறேன்." "இந்த வயசுலயுமா?" என்றாள், நன்றாகத் திரும்பி என்னைப் பார்த்து. இருபத்தேழு வயது என்று கோபமாகச் சொல்ல நினைத்தேன், எதற்குச் சொல்ல வேண்டும், பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறவர்களுக்கெல்லாம் வயதுச் சான்றிதழ் காட்டுவேனா நான். "ஃப்ரெஞ்ச்ல ஆராய்ச்சி" என்றேன். "ஓ, அப்ப பிரான்ஸ் மாப்பிள்ள கெடச்சுடுவான்" என்று அந்த விஷயத்தை முடித்துவைத்தாள். இந்த ஊரில் ஃப்ரெஞ்ச் படித்தால் ஒரே அர்த்தம்தான். ஒரு சொல்லுக்கு ஊரே சேர்ந்து ஒரு அர்த்தத்தை எழுதி வைத்துவிட்டால் அதற்கப்புறம் அந்தச் சொல் வாயைத் திறக்க முடியாது, அதைத்தான் நான் மூன்று வருஷமாகக் கத்திக்கொண்டிருக்கிறேன், ஒரே ஒரு சொல்லை வைத்துக்கொண்டு. ஒதோன் என்று ஒரு கவிஞன். பன்னிரண்டாம் நூற்றாண்டு, ஏதோ ஒரு மடத்தில் எழுத்து வேலை, முகம் தெரியாது, பிறந்த ஊர் தெரியாது. பழைய லத்தீன் காலத்துக் கதைகளையெல்லாம் எடுத்து எட்டெட்டு அசை வரிகளாக, இரண்டிரண்டு வரிக்கு ஒரு இயைபாக, தன் ஊர்ப் பேச்சில் திருப்பிச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறான். ஒவ்வொரு கதையின் முடிவிலும் ஒரே சத்தியம்: பழைய நூலில் கண்டபடி சொன்னேன், நானாக ஒன்றும் சேர்க்கவில்லை. பொய், ஒதோன், பச்சைப் பொய். ரோமாபுரிப் படைவீரனுக்கு உன் ஊர் மழைக்கோட்டு மாட்டிவிட்டது யார், பழங்காலத்து ராணிகளை உன் ஊர்ச் சந்தையில் வெங்காயம் வாங்க வைத்தது யார்? ஒன்றும் சேர்க்கவில்லை என்று எவன் வலியச் சொல்கிறானோ அவனுடைய மடியைத்தான் முதலில் அவிழ்த்துப் பார்க்க வேண்டும். இதை என் நெறியாளர் ஜெசிந்தா மேடத்திடம் சொன்னபோது சிரித்துவிட்டு, "உன் மடிய யாரு பாக்கறது, யுவா?" என்றார். அப்போது நானும் சிரித்தேன். அப்போது மடியில் ஒன்றும் இல்லை.

கதை சின்னது. ஏழு ஊற்றுள்ள ஒரு நகரம், அதை வளைத்துக்கொண்ட ஒரு ராஜா, சண்டை போடாமலே ஏழு ஊற்றுக்கும் மூடி போட்டு முத்திரை வைத்துவிட்டு மேலே குன்றில் கூடாரம் அடித்து உட்கார்ந்துவிட்டான். ஊர் வறண்டு சாகிறது. வாளெடுத்துப் போனவர்கள் திரும்பவில்லை, பேசப் போனவர்களும் திரும்பவில்லை. கடைசியில் ஊற்றுக்காவல்காரியின் மகள் ஒரீன் தனியாகக் குன்றேறுகிறாள். மூன்று நாள் ஏறுகிறாள், அடிக்கு அடி மெலிகிறாள். அப்புறம் அந்த வரி. தெவான் லெ ருவெ வின்த் தோத்தெ, அதற்கப்புறம் ஒரே ஒரு சொல். ராஜாவின் முன்னால் அவள் முழுக்க முழுக்க ஏதோவாக வந்தாள். அடுத்த வரியில் ராஜாவின் தாடி நனைகிறது. அதற்கடுத்த வரியில் ஏழு ஊற்றும் ஓடுகின்றன. அவ்வளவுதான், சத்தியம், நானாக ஒன்றும் சேர்க்கவில்லை, முடிந்தது. அந்தச் சொல்தான் என்னைப் பிடித்த பேய். நுயெ என்று படித்தால் அம்மணம். முயெ என்று படித்தால் ஊமை. அந்தக் காலத்து எழுத்தர்கள் எல்லாவற்றையும் குச்சி குச்சியாக எழுதினார்கள், இரண்டு குச்சி போட்டால் ந, மூன்று போட்டால் ம, அடுத்து வரும் உகரத்துக்கும் இரண்டு குச்சி, நடுவில் இடைவெளியும் கிடையாது, வேலி மாதிரி நிற்கும், வேலியில் எங்கே வாசல் என்று நாம்தான் கண்டுபிடிக்க வேண்டும். நம்முடைய சுவடிக்காரர்கள் மட்டும் என்ன, ஓலை கிழியும் என்று புள்ளியே வைக்காமல் எழுதிவிட்டுப் போனார்கள், எது மெய் எது உயிர்மெய் என்று தலையைப் பிய்த்துக்கொண்டு கிடந்தவர்கள் இங்கே எத்தனை பேர். ஜெசிந்தா மேடம் இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் இந்தக் கதைகளைத் தமிழில் கொண்டுவந்தார். நுயெ என்று படித்தார். "முற்றும் அம்மணமாய் முன்வந்தாள் மன்னன்முன்." அந்த ஒரு வரியை அட்டையில் எழுதிப் பெண்கள் ஊர்வலத்தில் பிடித்துக்கொண்டு போனார்கள். பி.ஏ. இரண்டாம் வருஷத்தில் அதை நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி வைத்திருந்தவள் நான், இந்த மேடத்திடம்தான் ஆய்வு செய்வேன் என்று அப்பாவிடம் சண்டை போட்டு வந்தவள் நான். வந்து, கையெழுத்துப் படியின் படத்தைப் பார்த்து, மூன்று குச்சி என்று சொன்னவளும் நான்.

கோட்டக்குப்பம் தாண்டும்போது என்னோடு ஆய்வு செய்யும் பர்வீனின் வீட்டுத் தெரு தெரிந்தது, அவள் இந்நேரம் துறைக்குப் போய் எனக்கு முன்வரிசையில் இடம் போட்டிருப்பாள், வாட்ஸ்அப்பில் ஏற்கெனவே நான்கு தடவை எங்கடி எங்கடி என்று கேட்டுவிட்டாள். இவள்தான் முதலில் சிரித்தவள். "வாய மூடவே தெரியாத நீ போயி, அவ ஊமையா வந்தான்னு தீசிஸ் எழுதறியா?" ஏன் எழுதக்கூடாது? பேசிப் பேசிப் பார்த்தவளுக்குத்தான் தெரியும் பேசாமல் போய் நிற்பது எத்தனை பெரிய சங்கதி என்று. பேசப் போனவர்களெல்லாம் செத்த இடத்துக்கு ஒருத்தி வாயை மூடிக்கொண்டு போய் நிற்கிறாள், கெஞ்சவில்லை, பேரம் பேசவில்லை, ராஜாவே தாங்க முடியாமல் அழுதுவிடுகிறான், தாடி நனைகிறது, எவ்வளவு கச்சிதம். மேடம் படித்த விதத்திலும் ராஜா அழுகிறான், வெட்கத்தால். எனக்கு அந்த வெட்கத்தின் மேல் நம்பிக்கையில்லை. ஒரு பெண் ராஜாவின் முன்னால் வந்தால் உடனே எல்லாருக்கும் அவள் துணிதான் ஞாபகம் வருகிறது, ஒதோனுக்கு வந்ததோ இல்லையோ படிக்கிறவனுக்கு வந்துவிடுகிறது, அவன் கண்ணே இரண்டு குச்சியோடு எண்ணுவதை நிறுத்திக்கொள்கிறது. இதை இப்படியே ஸ்லைடில் போட்டிருக்கிறேன், பத்தொன்பதாவது ஸ்லைடு. இன்னொன்றும் இருக்கிறது, அது ஸ்லைடில் இல்லை. ஏழாம் வகுப்பு, கான்வென்ட், மதியச் சாப்பாட்டுக்குப் பிறகான மொழிபெயர்ப்பு வகுப்பு, ஆஞ்செல் சிஸ்டர் ஒரு வாக்கியம் கொடுத்தார், அதில் லா நுயு என்று ஒரு சொல், கடலில் இறங்குகிறது என்று ஒரு வினை, நான் அகராதியில் பார்த்த முதல் அர்த்தத்தை எடுத்து, அம்மணக்காரி கடலில் இறங்குகிறாள் என்று எழுதி, எழுதியதோடு விடாமல் எழுந்து நின்று சத்தமாகப் படித்தும் விட்டேன். முப்பத்தெட்டுப் பிள்ளைகள் சிரித்தார்கள். சிஸ்டரும் சிரித்தார், கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சிரித்தார். அகராதியில் அப்படித்தான் இருக்கிறது சிஸ்டர் என்று நான் வாதாடினேன், வாதாட வாதாடச் சிரிப்பு பெருத்தது. அவர் கரும்பலகையில் திரும்பிச் சரியான சொல்லை எழுதினார், சாக்பீஸ் கீச்சிட்டது, நான் டெஸ்க்கில் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டுவிட்டேன். வருஷம் முழுக்க என் பெயர் அம்மணக்காரி. தண்ணீர் குடிக்கப் போனால் அம்மணக்காரி, பிரேயரில் நின்றால் அம்மணக்காரி. அந்தச் சொல்லிடமிருந்து தப்பித்து ஓடிய ஓட்டத்தில்தான் எனக்கு மூன்றாவது குச்சி தெரிந்ததோ என்று சில மத்தியானங்களில் தோன்றும். தோன்றினால் எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வருவேன்.

சின்ன முதலியார்சாவடி, பெரிய முதலியார்சாவடி. வெயிலில் தார்ச்சாலை ஈரமாக இருப்பது போலத் தெரிகிறது, போகப்போகத் தள்ளிப் போகிறது அந்த ஈரம். பக்கத்து அக்கா தூங்கிவிட்டாள், தலை என் தோளில், தேங்காயெண்ணெய். நானும் கண்ணை மூடினால் ஒரீன் ஏறிக்கொண்டிருக்கிறாள், குன்று நம் ஊர்ச் செம்மண் மேடு மாதிரி இருக்கிறது, முந்திரி மரம் நிற்கிறது, பன்னிரண்டாம் நூற்றாண்டு பிரான்சில் ஏது முந்திரி, இருக்கட்டும், ஒதோன் வெங்காயம் சேர்த்தான் நான் முந்திரி சேர்க்கிறேன், அவள் கையில் நீலக் குடம், ஒவ்வொரு அடிக்கும் மெலிந்துகொண்டே போகிறாள், முதுகைத்தான் பார்க்க முடிகிறது, திரும்ப மாட்டேன் என்கிறாள். துணி இருக்கிறதா என்று பார்க்கிறேன். சே, நானும் அதைத்தான் பார்க்கிறேன். ஒரு வேகத்தடையில் பஸ் குதித்ததும் என் வாய் குடத்தின் வாயில் இடித்தது, "மூணு" என்று நான் சொன்னது குடத்துக்குள் போய்ச் சுற்றி மூ என்று திரும்பி வந்தது. அக்கா விழித்துக்கொண்டாள். "என்ன சொன்ன?" "ஒண்ணுமில்லக்கா. என் ஆராய்ச்சி." "கொடத்துக்குள்ளயா ஆராய்ச்சி?" பேச்சை மாற்றத்தான் கதையைச் சொன்னேன், ஊற்று, ராஜா, குன்று, அம்மணமாக வந்தாளா ஊமையாக வந்தாளா என்பதுதான் கேள்வி என்று. "துணியில்லாமயா? ஐயே" என்று முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டாள். "இத்தயா மூணு வருஷமா படிக்கிற? உங்கம்மாக்குத் தெரியுமா?" "நான் ஊமைன்னுதான்க்கா சொல்றேன்." "ஊமையா போனா யாரு தண்ணி வுடுவா? நாங்க பஞ்சாயத்து ஆபீஸ் வாசல்ல கத்துன கத்துக்கே லாரி வரல, வாய மூடிகினு நின்னா வந்துருமா?" வரும், அந்தப் பாட்டுக்குள் வரும் என்றேன். "பாட்டுல வரும்" என்று அவள் பச்சைக் குடத்தைத் தட்டினாள், நக்கலாகத் தட்டினாளா சும்மா தட்டினாளா தெரியவில்லை, வெற்றுக் குடம் டம்மென்றது.

நேற்றுச் சாயங்காலம் மேடம் போன் செய்தார். சொல்லிவிட வேண்டும், இதை எனக்கு நானே ஒழுங்காக ஒரு தடவை சொல்லிப் பார்க்க வேண்டும். கோபமாக இருப்பார் என்று நினைத்து எல்லா வாதத்தையும் வரிசையாக அடுக்கி வைத்துக்கொண்டுதான் எடுத்தேன். கோபமே இல்லை. "யுவா, இருவத்திரண்டு வருஷம் அந்த வார்த்தையோட குடும்பம் நடத்தியிருக்கேன். நீ ஒரு குச்சியக் காட்டி டைவர்ஸ் வாங்கித் தரப் பாக்கற." சிரித்தார். அப்புறம், "பரவால்ல. குச்சி நெஜமா இருந்தா நாளைக்கு எல்லார் முன்னாடியும் என் புஸ்தகம் தப்புன்னு நானே எந்திரிச்சு சொல்றேன். இருக்கா? அத மட்டும் சொல்லு. நீ சொன்னா போதும், நான் படத்தக்கூடப் பெருசு பண்ணிப் பாக்க மாட்டேன்." "இருக்கு மேடம்" என்றேன். அரை நொடிகூட ஆகவில்லை. வாய்தான் முதலில் பிறந்தது. மேடம் சண்டை போட்டிருக்கலாம். உன் ஆய்வேட்டில் என் கையெழுத்து வேண்டாமா என்று மிரட்டியிருக்கலாம், மிரட்டியிருந்தால் எவ்வளவு சௌகரியம், நான் பொங்கியெழுந்து எல்லாருக்கும் மெயில் போட்டிருப்பேன், எனக்கு அது கைவந்த கலை. நம்புகிறேன் என்று சொன்ன ஒருவரோடு எப்படி வாதாடுவது? சந்தேகத்தை மறைத்துத்தான் இருக்கு என்றேன், ஏனென்றால் மூன்றாவது குச்சி மற்ற இரண்டைவிட வெளிறியிருக்கிறது. மார்ச்சிலேயே பார்த்துவிட்டேன். ந-வுக்கும் அடுத்த உகரத்துக்கும் நடுவில் நெருக்கியடித்துக்கொண்டு, ஒரு மயிரிழை சாய்ந்து, நெரிசல் பஸ்ஸில் இரண்டு பேருக்கு நடுவில் தன்னைச் செருகிக்கொள்கிற ஆள் மாதிரி நிற்கிறது. தோல் மெல்லியது, பின்பக்கத்து மை இந்தப் பக்கம் கசிவது சாதாரணம், முதல் வருஷ மாணவிக்குத் தெரியும். நான் என்ன செய்தேன்? லேப்டாப்பில் கான்ட்ராஸ்ட்டைக் கொஞ்சம் கூட்டினேன். இன்னும் கொஞ்சம். மூன்றும் ஒரே கறுப்பாகிவிட்டன. எதையும் வரையவில்லை, அழிக்கவில்லை, இருப்பதைத் தெளிவாக்கினேன், நானாக ஒன்றும் சேர்க்கவில்லை. அந்தப் படம்தான் பதினாறாவது ஸ்லைடு. அப்புறம் தூக்கம் வராமல் போய்த்தான் நூலகத்துக்கு எழுதினேன், பின்புறப் படம் வேண்டுமென்று, பதில் வரவே கூடாது என்று வேண்டிக்கொண்டு.

பொம்மையார்பாளையத்தில் ஒரு திருப்பத்தில் கடல் ஒரு கீற்று தெரிந்து மறைந்தது. நான்தான் திறந்தேன். ஏன் அப்போது திறந்தேன் என்று தெரியவில்லை, விரல் திறந்தது. சிக்னல் ஒரு கோடு, அரைக் கோடு. படம் மேலிருந்து கீழாக மெள்ள இறங்கியது, முதலில் மஞ்சள் தோல், ஓரத்தில் ஒரு புழுத்துளை, அந்தத் துளையை எனக்குத் தெரியும், முன்பக்கத்தில் வலதில் இருக்கும், இங்கே இடதில், கண்ணாடியில் பார்ப்பது மாதிரி. ஒரு வரி இறங்கியது, இரண்டு வரி, ஐந்து, பதினொன்றில் நின்று சுற்றியது. எனக்கு வேண்டியது பதினான்காவது. குடத்தின் வாயில் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு காத்திருந்தேன், உள்ளங்கை நீலப் பிளாஸ்டிக்கில் வழுக்கியது. "யாருமா அது, மாப்பிள்ள போட்டோவா?" என்று அக்கா எட்டிப் பார்த்தாள். பன்னிரண்டு. பதின்மூன்று. பதினான்கு. அங்கே, துளையிலிருந்து நான் அளந்து வைத்திருந்த அதே தூரத்தில், ஒற்றை இகரம். எழுத்தர் அன்றைக்குத்தான் புதிதாக இறகு சீவியிருப்பார் போல, அந்த ஒரு குச்சியை அழுத்திப் போட்டிருக்கிறார், மை தோலைத் தின்று உள்ளே இறங்கியிருக்கிறது. அந்தப் பக்கத்திலேயே மிகக் கறுப்பான குச்சி. ஒரு மயிரிழை சாய்ந்து, கண்ணாடியில் எதிர்ப்பக்கம் சாய்ந்து. அவ்வளவுதான். என் மூன்றாவது குச்சி வேறு பக்கத்தின், வேறு வரியின், வேறு சொல்லின் எழுத்து. மூன்று வருஷமாக நான் வாதாடியது ஏட்டின் முதுகோடு. அழுகை வரும் என்று நினைத்தேன், வரவில்லை, காது மட்டும் அடைத்துக்கொண்டது, பஸ் தண்ணீருக்குள் போவது போல. "நல்லா இல்லியா?" என்றாள் அக்கா மெல்ல. "இல்லக்கா." "வுடு. வேற வரும்." பிள்ளைச்சாவடியில் குடத்தை வாங்கிக்கொண்டு இறங்கினாள், இறங்கியவள் ஜன்னலுக்குக் கீழே வந்து, "வாயத் தெறந்து கேளு, என்ன? ஊமையாட்டம் நிக்காத" என்று கத்திவிட்டுப் போனாள், யாரிடம் எதைக் கேட்கச் சொன்னாள் என்று தெரியாமலே தலையாட்டினேன். குடம் இருந்த இடத்தில் மடி குளிர்ந்தது.

காலாப்பட்டில் இறங்கி வாசலிலிருந்து துறைக்கு நடக்கிறேன். பதினொன்று இருபது. இருபது நிமிஷ நடையைப் பத்து நிமிஷத்தில் நடக்க வேண்டும், ஆனால் கால் மெள்ளத்தான் போகிறது. சொல்லாமல் விட்டுவிடலாம். பதினாறாவது ஸ்லைடைத் தாண்டிப் போய்விடலாம். மேடம் எழுந்து தன் புத்தகம் தப்பென்று சொல்வார், பெருந்தன்மை, கைதட்டல், எனக்குப் பட்டம், ஊர்வல அட்டைகளில் இருக்கும் சொல் பொய்யாகும், நான் வாயை மூடிக்கொண்டு முன்வரிசையில் நிற்பேன், தோத்தெ முயெ, முழு ஊமையாக. ஒரீன் இப்படியா நின்றாள்? சொல்லிவிடலாம். சொன்னால் இரண்டாம் மூன்றாம் அத்தியாயம் குப்பை, இன்னும் ஒரு வருஷம், அப்பா பேச மாட்டார், பர்வீன் எனக்கு முன்னால் முடித்துவிடுவாள், அதெல்லாம்கூடப் போகட்டும், மறுபடியும் அம்மணக்காரி. அவள் அம்மணமாகத்தான் வந்தாள் என்று நானே எழுந்து நின்று சத்தமாகப் படிக்க வேண்டும், அறை சிரிக்கும், முப்பத்தெட்டுப் பிள்ளைகளும் எங்கெங்கோ கல்யாணமாகிப் போனவர்கள் ஒரே நேரத்தில் திரும்பிப் பார்த்துச் சிரிப்பார்கள். சவுக்கு மரங்களின் நிழல் பாதையில் கோடு கோடாக விழுந்திருக்கிறது, ஒவ்வொரு கோடாகத் தாண்டித் தாண்டிப் போகிறேன், எண்ணக்கூடாது, எண்ணுகிறேன். துணியை எடுத்தால் அம்மணம், நாக்கை எடுத்தால் ஊமை. இதென்ன, எப்படிப் படித்தாலும் அவளிடமிருந்து எதையாவது பிடுங்கித்தான் ராஜா முன்னால் அனுப்புகிறோமா? மேடம் ஒன்றைப் பிடுங்கினார், நான் இன்னொன்றைப் பிடுங்கினேன், அதற்கு மூன்று வருஷம், ஐநூற்றுப் பன்னிரண்டு அடிக்குறிப்பு. வியர்வை கழுத்தில் இறங்கியது. கடல் பக்கமிருந்து ஒரு காற்று வந்து அதைத் தொட்டது, பாதையில் கோடெல்லாம் சட்டென்று அழிந்துபோயின, ஒரே சாம்பல், நிமிர்ந்து பார்த்தேன். வெயிலை ஏதோ ஒன்று ஒரு நிமிஷம் மூடியிருந்தது, சின்னதுதான், பெய்யப்போவதில்லை, நகர்ந்து போய்விடும். சாக்பீஸ் கீச்சிட்டது. ஆஞ்செல் சிஸ்டரின் கை, கரும்பலகை, நான் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டதால் பார்க்கவில்லை என்று பதினைந்து வருஷமாக நினைத்துக்கொண்டிருக்கும் சொல். பார்த்திருக்கிறேன். விரலிடுக்கு வழியாகப் பார்த்திருக்கிறேன். வட்டமான கையெழுத்தில், மூன்றே எழுத்து: முகில். லா நுயு, ஒதோன் காலத்து நுயெ. முகில் கடலில் இறங்குகிறது. எனக்குத் தெரியாத சொல்லா? எத்தனை பாட்டில் படித்திருக்கிறேன், எத்தனை பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். தெரிந்த சொல்லை அந்த வரிக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைக்கத் தோன்றவில்லை, யாருக்கும், ஒரு பெண் ராஜா முன்னால் வருகிறாள் என்றதும். தோத்தெ நுயெ. முழுக்க முழுக்க முகிலாக. மூன்று நாள் மெலிந்து மெலிந்து ஏறியது அதற்குத்தானா. இலக்கணம் கொஞ்சம் நொண்டும், பெயர்ச்சொல்லை அப்படி நிறுத்த முடியுமா என்று அவர்கள் குடைவார்கள், நானே குடைவேன், ஒதோன் வேறு எங்காவது அப்படி எழுதியிருக்கிறானா என்று தேட வேண்டும், தேடி ஒன்றும் கிடைக்காமலும் போகலாம். ஆனால் அடுத்த வரி, அதில் அழுகை என்ற சொல்லே இல்லையே. ஓடுகிறேன். லேப்டாப் இடுப்பில் இடிக்க இடிக்க ஓடுகிறேன்.

கதவைத் திறந்ததும் ஏசி குளிர் முகத்தில். பதினைந்து பேர். பர்வீன் கண்ணை உருட்டினாள். மேடம் முன்வரிசையில், வெளிர்நீலப் புடவை, மடியில் தன் பழைய புத்தகம், பெயர் தேய்ந்த அட்டை. "மூச்சு வாங்கிட்டுத் தொடங்குமா" என்றார். நான் ஒயரை மாட்டவில்லை. பதினாறாவது ஸ்லைடும் வேண்டாம், பத்தொன்பதாவதும் வேண்டாம். "மேடம், நேத்து நீங்க கேட்டதுக்கு நான் பொய் சொல்லிட்டேன்." அறையில் யாரோ நாற்காலியை இழுப்பதை நிறுத்தினார்கள். "மூணாவது குச்சி இல்ல. அது பின்பக்கத்து மை. எனக்கு மார்ச்லேயே சந்தேகம். கான்ட்ராஸ்ட்டக் கூட்டி வச்சேன். இன்னிக்குக் காலைல பின்பக்கப் படம் வந்தது. ரெண்டு குச்சிதான். உங்க எழுத்துதான் சரி." மேடம் முகத்தில் ஒன்றுமே ஓடவில்லை. வெற்றியாவது ஓடியிருக்கலாம். "ஆனா உங்க அர்த்தம் தப்புன்னு நெனக்கறேன்" என்றேன். "என்னோடதும் தப்பு. நுயெக்கு இன்னொரு அர்த்தம் இருக்கு, மேடம். ஏழாங்கிளாஸ்ல வர்றது." பின்வரிசையில் யாரோ லேசாகச் சிரித்தார்கள். சிரிக்கட்டும். மேடம் கண்ணாடியைக் கழற்றினார், துடைக்கவில்லை, கையிலேயே வைத்துக்கொண்டு புத்தகத்தைப் பிரித்தார், எந்தப் பக்கம் என்று தேட வேண்டியிருக்கவில்லை, அதுவாகவே அங்கே விரிந்தது. வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை, தெவான் லெ ருவெ, அந்தச் சொல்லுக்கு வந்து நின்றது, தாண்டவில்லை. இருபத்திரண்டு வருஷம். இனி அவர் என்ன சொன்னாலும் சரி, என் பெயரை அடித்துப் போட்டாலும் சரி என்று காத்துக்கொண்டிருந்தேன். அப்புறம் தலையை நிமிர்த்தாமலே, மற்றவர்களுக்குக் கேட்காத குரலில், "அடுத்த வரியப் படி" என்றார். எனக்குப் புத்தகம் வேண்டியிருக்கவில்லை. படித்தேன்: ராஜாவின் தாடி நனைந்தது.